தோடர் மந்தில் ஒரு கனவு டாக்டர்

கனவுலகத்துக்கு மேப் போடும் கணித மேதை என்றால் கதைக்கு நல்ல ஹீரோ. கனவும் கணக்கும் சேர்ந்து வந்தாலே நம்மவர்களுக்கு ராமானுஜன் ஞாபகம் வந்துவிடும். நாமகிரித் தாயார் கனவில் வந்து சூத்திரம் காட்டியதாக அவர் சொன்ன கதை அப்படி. கேம்பிரிட்ஜில் அவர் இருந்த டிரினிட்டி கல்லூரிக்குப் பக்கத்துக் கல்லூரி செயின்ட் ஜான்ஸ். அங்கேயும் ஒருவர் கனவோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். பெயர் டபிள்யூ.ஹெச்.ஆர். ரிவர்ஸ். கணித மேதை அல்ல. டாக்டர், உளவியல் ஆசிரியர். ஆனால், கண்ணுக்குத் தெரியாத விஷயத்தையும் அளந்து, எழுதி, சரிபார்த்துவிட முடியும் என்று நம்பியவர். அந்த நம்பிக்கையை அவர் உரசிப் பார்த்த இடங்களில் ஒன்று நம் நீலகிரி.

1901-02-ல் ஊட்டிக்கு வந்தார். தோடர்களின் பார்வை, தொடுவுணர்வு, வலி தாங்கும் அளவு எல்லாவற்றையும் அளந்தார். அப்போது மலையில் தோடர்கள் சுமார் 800 பேர்தான். எல்லாருடைய வம்சாவளியையும் எழுதிவிட நினைத்தார். தோடர் மொழி தெரியாது. மொழிபெயர்ப்பாளர்கள் வழியாகத்தான் பேச்சு. அவர் கையில் இருந்த கருவி ஐந்தே சொற்கள்: அப்பா, அம்மா, பிள்ளை, கணவன், மனைவி. இந்த ஐந்தை வைத்துச் சித்தப்பா, அத்தை, மாமன் என்று எந்த உறவையும் கட்டிவிடலாம். கிட்டத்தட்ட அல்ஜீப்ராதான்.

ஆனால், கணக்கு அங்கே அவ்வளவு லேசில் மடங்கவில்லை. இறந்த சொந்தக்காரர்களின் பெயரைத் தோடர்கள் உச்சரிக்க மாட்டார்கள். எனவே, ஒரு வீட்டு முன்னோரின் பெயரை இன்னொரு வீட்டாரிடம்தான் கேட்டு வாங்க வேண்டியிருந்தது. சகோதரர்கள் சேர்ந்து ஒரே பெண்ணை மணக்கும் வழக்கம் வேறு. அப்படியானால் குழந்தைக்கு அப்பா யார்? மனைவி கர்ப்பமாக இருக்கும்போது சடங்கில் வில்லும் அம்பும் கொடுப்பவர்தான். ரத்தக் கணக்கெல்லாம் கிடையாது; வில் கொடுத்தவர் அப்பா, அவ்வளவுதான். ரிவர்ஸ் அதை அப்படியே அட்டவணையில் ஏற்றினார்.

அடுத்து அவர் குறித்துக்கொண்டது செத்தவர்கள் போகும் பாதை. தோடர்களின் மறுவுலகம் மேற்கே இருக்கிறது. போகிற வழியில் ஒரு கல். அதைத் தட்டினால் இந்த உலகத்தின் மேல் உள்ள ஆசை விட்டுப்போகும். பிறகு ஓர் ஆறு, அதன் மேல் நூலால் ஆன பாலம். தப்பு செய்தவர்கள் பாலத்திலிருந்து விழுந்து அட்டைக்கடி படுவார்கள். அந்தப் பக்கம் போய்ச் சேர்ந்தவர்கள் நடந்து நடந்து கால் தேயும். முழங்கால்வரை தேய்ந்ததும் ஓன் தெய்வம் அவர்களை மறுபடி இங்கே மனிதராக அனுப்பிவைக்கும்.

இதைக் கேட்டு ரிவர்ஸ் சிரிக்கவில்லை, திருத்தவும் இல்லை. எருமைப் பால் கோயில்களின் சடங்குகளை எழுதிய அதே கவனத்தோடு இதையும் எழுதினார். அதற்கு விலை கொடுத்தவர்கள் தோடர்கள். அவரிடம் ரகசியங்களைச் சொன்னவர்களில் ஒருவருக்கு மனைவி இறந்துபோனார். இன்னொருவரின் பால் கோயில் எரிந்தது. மறைக்க வேண்டியதை வெளியே சொன்னதால் தெய்வக் குற்றம் என்று குறி சொல்பவர்கள் சொல்ல, அவரோடு பேசவே பலர் தயங்கினார்கள். ‘தி தோடாஸ்’ 1906-ல் தடிமனான புத்தகமாக வெளிவந்தது. இன்றும் தோடர்களைப் பற்றி எழுதுபவர்கள் அதைப் புரட்டாமல் இருப்பதில்லை.

இத்தனைக்கும் ரிவர்ஸின் மனசுக்குள் படம் ஓடாது! கண்ணை மூடி உங்கள் வீட்டு வாசலை நினைத்துப் பாருங்கள். மங்கலாகவாவது தெரிகிறதா? அவருக்கு விழித்திருக்கும்போது அநேகமாக எதுவும் தெரியாது. கனவிலும் அரைத் தூக்கத்திலும்தான் காட்சி வரும். (சிலருக்கு இப்படி இருப்பதற்கு 2015-ல்தான் ‘அஃபான்டேசியா’ என்று பெயர் வைத்தார்கள்.) ஐந்து வயதுவரை வாழ்ந்த வீட்டின் கீழ்த்தளம் எப்படி இருந்தது என்று அவரால் சொல்ல முடிந்தது. மாடி மட்டும் சுத்தமாக ஞாபகத்தில் இல்லை. சின்ன வயதில் மனசு எதையோ பூட்டிவிட்டது என்று சந்தேகப்பட்டார். கனவுகளின் பக்கம் அவர் திரும்பியபோது, தன்னையே ஓர் ஆய்வுப் பொருளாக வைத்துக்கொண்டதில் ஆச்சரியமில்லை. விழித்த உடனே கனவை எழுதி, அதில் வந்த ஒவ்வொன்றும் பகலில் எங்கிருந்து கிளம்பியது என்று தேடுவார். கனவெல்லாம் நிறைவேறாத ஆசைதான் என்ற ஃபிராய்டின் கருத்தை அவர் முழுதாக ஏற்கவில்லை. பகலில் தீராத மனப் போராட்டத்தைக் கனவு தீர்க்கப் பார்க்கிறது என்பது அவர் கட்சி.

அது எவ்வளவு பெரிய விஷயம் என்று தெரிந்தது முதல் உலகப் போரில். எடின்பரோ பக்கத்தில் கிரெய்க்லாக்ஹார்ட் ராணுவ மருத்துவமனை. போரில் மனம் உடைந்த அதிகாரிகளுக்கானது. தூங்கப் பயந்து விழித்தே கிடந்தவர்கள் உண்டு. ‘அதையெல்லாம் மறந்துவிடு, நல்லதை நினை’ என்பதுதான் அன்று எல்லோரும் தந்த அறிவுரை. இன்றைக்கும் பல வீடுகளில் அதுதானே மருந்து? பகலில் அமுக்கியது ராத்திரியில் இன்னும் பலமாக வருகிறது என்றார் ரிவர்ஸ்.

ஓர் அதிகாரியின் நண்பர் குண்டில் சிதறிப்போனார். தேடிப் போய் உடலைப் பார்த்தவர் இவர். ராத்திரிதோறும் அதே கோலத்தில் நண்பர் கனவில் வந்தார். ரிவர்ஸ் ஒன்றைச் சுட்டிக்காட்டினார்: உடல் அந்த நிலையில் இருந்தது என்றால், உயிர் அந்த நொடியே போயிருக்கிறது, நண்பர் வலியில் துடிக்கவில்லை. அதிகாரியின் முகம் தெளிந்தது. சில ராத்திரிகள் கனவே இல்லை. பிறகு வந்த கனவில் அவர் போர்க்களத்துக்குப் போய், உடலருகே மண்டியிட்டு, நண்பரின் வீட்டுக்கு அனுப்ப அவருடைய உடைமைகளை எடுத்துக்கொண்டிருந்தார். விழித்தபோது பயம் இல்லை, துக்கம் மட்டும் இருந்தது.

இந்த அனுபவங்களை 1917 டிசம்பரில் மருத்துவர்கள் முன்னால் பேசினார். கனவு ஆய்வுகள் ‘கான்ஃப்ளிக்ட் அண்ட் டிரீம்’ என்ற புத்தகமானது 1923-ல். அதற்கு முந்தைய வருடமே ரிவர்ஸ் காலமாகிவிட்டார்.

தோற்ற கதையையும் அந்தப் பேச்சில் அவர் மறைக்கவில்லை. இன்னோர் அதிகாரிக்கு நடந்தது மகா கொடூரம். எந்தப் பக்கம் திருப்பிப் பார்த்தாலும் பற்றிக்கொள்ள ஆறுதலான ஓர் அம்சம்கூட ரிவர்ஸுக்குக் கிடைக்கவில்லை. அந்த மனிதருக்கு முன்பு ஒருமுறை நிம்மதி கிடைத்தது கிராமப்புறத்தில் இருந்தபோதுதான். ராணுவத்தை விட்டுவிட்டு அங்கேயே போய் இருங்கள் என்று சொல்லி அனுப்பிவைத்தார்.