பணம் போட்டவரின் பெயர் எங்கே?

"முதலாளி இல்லாவிட்டால் சினிமா ஏது? பணம் போட்டவன் லாபம் பார்க்காமல் வேறென்ன செய்வான்?" சினிமாப் பத்திரிகைகள் ஓயாமல் ஓதும் மந்திரம் இது. ஓதுகிறவர்களுக்கு ஸ்பெயின் தேசத்துப் படத் தயாரிப்பாளர் ஒருவரை அறிமுகப்படுத்துகிறோம்.

அவர் பெயர் ரமோன் அசீன். 1888-ல் உவெஸ்கா நகரில் பிறந்தவர். சித்திரக்காரர், சிற்பி, பிழைப்புக்கு ஆசிரியர் பயிற்சிப் பள்ளியில் சித்திர வாத்தியார். ஸ்டுடியோ இல்லை, மில் இல்லை. சி.என்.டி. தொழிற்சங்கத்தின் முன்னணி ஊழியர், அராஜகவாதி. நம் கட்சிக்காரர் அல்ல. அரசும் வேண்டாம், கட்சியும் வேண்டாம் என்ற அந்தக் கொள்கையோடு நமக்கு அன்றும் உடன்பாடில்லை, இன்றும் இல்லை.

லாட்டரி விழுந்தால் உன் படத்துக்குப் பணம் தருகிறேன் என்று நண்பர் லூயி புனுவலிடம் சொல்லி வைத்திருந்தார். 1932 டிசம்பரில் விழுந்தே விட்டது! வீடு கட்டவில்லை, வட்டிக்கு விடவில்லை. இருபதாயிரம் பெசெட்டாக்களை எண்ணிக் கொடுத்தார்.

எதைப் படம் பிடிக்க? காதல் கதையா? அல்ல. எஸ்திரமதுரா மாகாணத்தில் லாஸ் உர்தெஸ் என்ற மலைப் பிரதேசம். கல்லைத் தவிர வேறில்லை. மண்ணைச் சுமந்து வந்து ஆற்றோரம் கொட்டி வயல் அமைப்பார்கள். வெள்ளம் வந்து ஒரே இரவில் வாரிக்கொண்டு போகும். அரசாங்கம் தரும் சில்லறைக்காக அனாதைக் குழந்தைகளை வாங்கி வளர்ப்பார்கள். 1922-ல் மன்னர் அல்போன்சோவே வந்து பார்த்துவிட்டுப் போனார். பஞ்சம் போகவில்லை. 1933-ல் புனுவல் குழுவினர் அதைப் படமெடுத்தார்கள். படத்தின் பெயர் 'ரொட்டியில்லாத பூமி'. (மலையாடு விழும் காட்சிக்காக ஆட்டைச் சுட்டார்கள் என்பதையும் மறைக்க மாட்டோம். உர்தெஸ் மக்களில் பலருக்கு அந்தப் படத்தின்மீது கோபம் உண்டு. அது அவர்கள் உரிமை.)

அந்தப் படத்தில் ஒரு பள்ளிக்கூடக் காட்சி. பிள்ளைகள் காலில் செருப்பில்லை, வயிற்றில் சோறில்லை. அவர்களில் ஒருவன் கரும்பலகையில் நீதி வாக்கியம் எழுதுகிறான். என்ன நீதி? பிறர் சொத்தை மதிக்க வேண்டுமாம்! தோழர்களே, பசித்தவனுக்குச் சொத்துடையவன் நடத்தும் பாடம் எந்தத் தேசத்திலும் ஒன்றுதான் போலும்.

தடை செய்தவர்கள் யார்? மன்னராட்சி அல்ல, 1931-ல் வந்த குடியரசு. உர்தெஸ் மக்களின் நலனைக் கவனிக்கும் குழுவின் தலைவர் டாக்டர் மரன்யோன், அருமையான கிராமிய நடனங்கள் இருக்க இந்த அவலத்தை ஏன் காட்டினாய் என்று கேட்டதாகப் புனுவல் எழுதியிருக்கிறார். பட்டினியைப் பார்க்கக் கூசும் கண்கள் நடனத்தைத்தானே தேடும்!

1936 ஜூலையில் பாசிஸ்டுகள் கலகம் செய்தனர். உவெஸ்கா அவர்கள் கையில் விழுந்தது. அசீன் தம் வீட்டிலேயே மறைந்திருந்தார். தேடி வந்த கயவர்கள் மனைவி கொன்சித்தாவை அடித்து நொறுக்கினர். அந்த அலறலைக் கேட்டு அவர் தாமே வெளியே வந்தார். ஆகஸ்ட் 6-ந் தேதி மயானச் சுவரோரம் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். ஆகஸ்ட் 23-ந் தேதி கொன்சித்தாவையும், இன்னும் பலரோடு சேர்த்து. இரண்டு பெண் குழந்தைகள் அனாதையாயின.

பாசிஸ்டுகள் செய்தது இது. நம் பக்கம் என்ன செய்தோம்? பாரிஸிலிருந்த குடியரசின் தூதரகம் பணம் கொடுத்து, அந்த ஊமைப் படத்துக்கு ஒலி சேர்த்தது. விளக்கவுரை எழுதியதில் பிரெஞ்சுக் கம்யூனிஸ்ட் கவிஞர் பியர் உனிக்குக்கும் பங்குண்டு. உலகெங்கும் பாசிச எதிர்ப்புக்குப் பயன்பட வேண்டிய படம் அது, சரிதான். ஆனால் அன்று படத்தின் முகப்பில் பணம் போட்டவரின் பெயர் இடம்பெறவில்லை! அராஜகவாதி என்பதாலா? காரணம் எதுவானாலும் நாம் ஏற்க மாட்டோம். சுவரோரம் செத்தவனின் பெயரை எதிரி அழிக்கலாம், நாம் அழிக்கலாமா?

விநியோகஸ்தர் பாக்கியைக் கொடுக்காமல் இழுத்தடித்தார். காரியதரிசியின் டைப்ரைட்டரைச் சுத்தியலால் உடைப்பேன் என்று மிரட்டித்தான் வசூலித்தேன் என்கிறார் புனுவல். கடைசியில் அந்தப் பணம் அசீனின் இரண்டு பெண்களிடம் போய்ச் சேர்ந்தது.