தொலைஞ்சு போன துள்ளல் எங்கே?

கையில இருக்கிற பந்தைச் சும்மா கீழே விட்டுப் பாருங்க. துள்ளி மேலே வரும். ஆனா விட்ட உயரத்துக்கு மட்டும் வரவே வராது. ஏன்?

"எனர்ஜி போயிடுச்சு சார்"னு பட்டுனு சொல்லிடுவீங்க. வைவாவில் அதோட விட்டுடுவாங்களா? "எங்கே போச்சு?"னு அடுத்த கேள்வி வரும். ஆற்றலை ஆக்கவும் முடியாது, அழிக்கவும் முடியாதுன்னு ஸ்கூல்ல மனப்பாடம் பண்ணினதை அப்போ மறந்துட முடியாதே!

முதல்ல கணக்கு. சர்வதேச டென்னிஸ் கூட்டமைப்பு, பந்துக்கே ஒரு டெஸ்ட் வெச்சிருக்கு. 254 செ.மீ. உயரத்திலிருந்து கெட்டியான தளத்தில் விட்டால், வழக்கமான ஆட்டப் பந்து 135 முதல் 147 செ.மீ. வரை எழும்பணும். குறைஞ்சாலும் ஃபெயில், கூடினாலும் ஃபெயில்! உயரம் எவ்வளவோ, நிலை ஆற்றலும் அதே விகிதம். அப்படின்னா ஒரே மோதலில் கிட்டத்தட்ட 45 சதவீதம் காலி. 140 செ.மீ. எழும்பின பந்து அடுத்து 77, அப்புறம் 42, அப்புறம் 23 என்று இறங்கிக்கொண்டே போகும்.

காலியானது எங்கே? தரையில் மோதும்போது பந்து நசுங்குது. ரப்பர் ஸ்பிரிங் மாதிரி ஒரு பங்கைத் திருப்பித் தருது. மீதி ரப்பருக்குள்ளேயே உராய்வாகி வெப்பமா மாறிடுது. 'டொப்' சத்தத்துக்குப் போறது ரொம்பக் கொஞ்சம்தான்.

சாட்சி வேணுமா? ஸ்குவாஷ் மேட்ச் பாருங்க. ஆட்டத்துக்கு முன்னாடி வீரர்கள் பந்தைச் சுவரில் அடிச்சிக்கிட்டே இருப்பாங்க. சில்லுனு இருக்கிற ஸ்குவாஷ் பந்து மந்தமாத்தான் துள்ளும். அடிக்க அடிக்க சூடேறி, ரப்பர் இளகி, உள்ளே காற்றழுத்தம் கூடி நல்லாத் துள்ளும். தொலைஞ்சு போன ஆற்றல் கையில சுடுது பாருங்க!

இப்போ உங்க டர்ன். டென்னிஸ் பந்தை 1 மீட்டர் உயரத்திலிருந்து விடுங்க. செல்போனில் சத்தத்தைப் பதிவு பண்ணுங்க. முதல் 'டொப்'புக்கும் ரெண்டாவது 'டொப்'புக்கும் இடையில எத்தனை விநாடின்னு பாருங்க. அதை அதாலேயே பெருக்கி, மறுபடி 1.225-ஆல் பெருக்கினா, எழும்பின உயரம் மீட்டரில் வந்துடும். 0.67 விநாடின்னா சுமார் 55 செ.மீ. ஸ்கேலே வேண்டாம்!

ஒரே ஒரு கண்டிஷன். சீனியர் ரெக்கார்டைப் பார்த்து ஈயடிச்சான் காப்பி கூடாது. சிமென்ட் தரையில் ஒரு ரீடிங், மண் தரையில் வேற ரீடிங் வரும். பழைய பந்துக்கு இன்னொண்ணு. 'தப்பா வருதே'ன்னு அழிச்சிடாதீங்க. அந்த வித்தியாசம் ஏன்னு யோசிச்சு வெச்சவங்களை வைவாவில் யாராலும் மடக்க முடியாது. அடிச்சு ஆடுங்க!