தள்ளாட்டம் எப்போது தொடங்கியது?

கடலிலிருந்து கரையேறிய ஒருவர் மீன்பிடித் துறைமுகச் சாலையில் கால்களை அகட்டி வைத்துத் தள்ளாடி நடக்கிறார், பேச்சும் குழறுகிறது. 'குடித்திருக்கிறார்' என்று விலகிச் செல்கிறோம். உப்பளத்தில் வேலை செய்யும் பெண் தடுமாறி விழுந்தால் 'வெயில் மயக்கம்' என்கிறோம். முதியவர் ஒருவர் எழ முடியாமல் ஒரு பக்கம் சாய்ந்து வாந்தி எடுத்தால், 'பித்தம்' என்று எலுமிச்சம்பழம் பிழிந்து கொடுக்கிறோம். இவ்விடைகள் சில வேளைகளில் சரியாகவும் இருக்கலாம். ஆனால் கேள்வி கேட்பதற்கு முன்பே விடை சொல்லிவிடும் இப்பழக்கத்தை நாம் அனைவரும் கைவிட வேண்டும் என்பதே எங்கள் கருத்து.

பின்தலையின் அடியில் அமைந்துள்ள சிறுமூளை, தசைகளுக்கு வலிமை தருவதன்று. அவற்றின் அசைவுகளை அளந்து, ஒன்றோடொன்று இசையச் செய்வது. எஞ்சின் நன்றாக ஓடும்போதே சுக்கான் பழுதான விசைப்படகைப் போன்றதே சிறுமூளை திடீரெனப் பாதிக்கப்பட்டவரின் நிலை. முதல் உலகப் போரில் சிறுமூளையில் குண்டடிபட்ட வீரர்களை ஆராய்ந்த மருத்துவர் கார்டன் ஹோம்ஸ், 1917-இல் இந்நிலையை விரிவாகப் பதிவு செய்தார். காயம்பட்ட அதே பக்கத்துக் கையும் காலும் இலக்குத் தவறின.

ஆபத்து இங்கேதான் மறைந்திருக்கிறது. பக்கவாதம் என்றால் முகம் கோணும், ஒரு கையைத் தூக்க முடியாது என்றே பலரும் அறிந்திருக்கிறோம். சிறுமூளைக்குச் செல்லும் இரத்தக் குழாய் அடைபடும்போது இவ்விரண்டும் இல்லாமலே இருக்கலாம். நோயாளி கையை உயர்த்துவார். கேட்டதற்கு விடை சொல்வார். ஆனால் துணையின்றி நிற்க இயலாது. 'உறங்கி எழுந்தால் தெளிந்துவிடும்' என்று வீட்டார் படுக்க வைத்துவிடுகின்றனர். அடைப்பைக் கரைக்கும் மருந்தைத் தகுதியுள்ளவர்களுக்குப் பொதுவாக நாலரை மணி நேரத்திற்குள் செலுத்த வேண்டும். மணப்பாட்டிலிருந்தோ வேம்பாரிலிருந்தோ தூத்துக்குடி வந்து சேரவே ஏறக்குறைய ஒரு மணி நேரம் கழிந்துவிடும். எஞ்சியதை உறக்கத்தில் இழக்கலாமா? அடுத்த சில நாட்களில் சிறுமூளை வீங்கி மூளைத்தண்டை அழுத்தினால் உயிருக்கே ஆபத்து நேரும். தொடக்கத்தில் எடுக்கும் சி.டி. ஸ்கேனில் இவ்வடைப்பு புலப்படாமலும் போகலாம். எனவே மருத்துவர் எம்.ஆர்.ஐ. ஸ்கேன் எடுக்கவோ, உள்நோயாளியாகச் சேர்க்கவோ சொன்னால் தயங்காதீர்கள்.

பக்கவாதம் ஒன்றே காரணமன்று. சின்னம்மை இறங்கிய பின் சில குழந்தைகள் தள்ளாடி நடப்பதுண்டு. பெரும்பாலும் அது சில வாரங்களில் குணமாகிவிடும்; எனினும் வேறு ஆபத்து இல்லை என்பதை மருத்துவரே உறுதி செய்ய வேண்டும். வலிப்புக்குத் தரும் ஃபெனிடோயின் மாத்திரையின் அளவு உடலில் மிகுந்தாலும் தள்ளாட்டம் வரும். 1961-க்குப் பின் இங்கே முத்துக்குளிப்பு நின்றுவிட்டது. சங்கு குளிப்போர் இன்றும் ஆழத்தில் இறங்குகின்றனர். கம்ப்ரசர் காற்றைச் சுவாசித்தபடி நெடுநேரம் ஆழத்தில் இருந்துவிட்டு விரைந்து மேலே வந்தால், இரத்தத்தில் உண்டாகும் நைட்ரஜன் குமிழிகள் தண்டுவடத்தையும் உட்செவியையும், சில வேளைகளில் சிறுமூளையையும் தாக்கும். அத்தகையவருக்கு உடனே ஆக்சிஜன் தேவை. மீண்டும் கடலில் இறங்கினால் சரியாகிவிடும் என்று எண்ணுவது பெருந்தவறு.

'உண்மையிலேயே குடித்திருந்தால்?' என்று கேட்கலாம். குடித்தவருக்குப் பக்கவாதம் வராது என்று எந்த விதியும் இல்லை. விழுந்து தலையில் அடிபட்டிருக்கவும் கூடும். மது வாடையைக் கண்டதும் முகம் சுளிக்கும் குற்றத்திலிருந்து மருத்துவமனைகளையும் நாங்கள் விலக்கவில்லை. வாயிற்காவலர் முதல் மருத்துவர் வரை எங்களுக்கும் இதே கண்டிப்பு வேண்டும். குடித்தவரைச் சோதித்து அனுப்புவதால் சில நிமிடங்களே வீணாகும்; நோயாளியைக் குடிகாரர் என்று ஒதுக்கினால் ஓர் உயிர் வீணாகலாம்.

ஆகவே, திடீரெனத் தள்ளாடுபவரைக் கண்டால், 'கடைசியாக எப்போது நன்றாக இருந்தார்?' என்று முதலில் கேளுங்கள். அந்த நேரத்தைக் குறித்துக்கொண்டு 108-ஐ அழையுங்கள். விழுங்குவதில் தடை இருக்கக்கூடும் என்பதால் நீரும் உணவும் தராதீர்கள். அவர் உண்டுவரும் மாத்திரைகளின் அட்டைகளைக் கையோடு எடுத்து வாருங்கள். கடலில் இறங்கியவரானால் எவ்வளவு ஆழம், எவ்வளவு நேரம் என்பதையும் சொல்லுங்கள். காரணம் எதுவென்று ஆராய்வது எங்கள் பணி. காலம் தாழ்த்தாமல் அழைத்து வருவது உங்கள் பணி.