ஈடு கேட்காத வங்கி

திரைப்படச் சங்கத்துக் கூட்டமொன்றில் படம் முடிந்து விளக்குப் போட்டதும் நண்பர் ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னார்: “இது எந்த நாட்டுச் சிப்பாய்க்கும் பொருந்தும்யா. மனுசன்னா எல்லாரும் மனுசன்தானே.” வில்லியம் வைலர் இயக்கி 1946இல் வெளியான ‘தி பெஸ்ட் இயர்ஸ் ஆஃப் அவர் லைவ்ஸ்’ என்கிற அமெரிக்கப் படத்துக்குத்தான் இந்தப் பாராட்டு. அந்த ‘எல்லாரும்’ என்ற சொல்லோடுதான் நமக்குச் சண்டை.

சும்மா சொல்லக்கூடாது, நல்ல படம். இரண்டாம் உலகப்போர் முடிந்து மூன்று பேர் ஒரே ஊருக்குத் திரும்புகிறார்கள். அல் வங்கிக்காரர். ஃப்ரெட் விமானப்படைக் கேப்டன். ஊரில் அவனுக்கு மிச்சம் பழைய கடை வேலைதான். ஹோமர் கைகளிரண்டும் போன கடற்படைக்காரன். அந்த வேடத்தில் நடித்த ஹெரால்ட் ரஸ்ஸல் ராணுவப் பயிற்சியில் நிஜமாகவே கைகளை இழந்தவர். ராத்திரி இரும்புக் கொக்கிகளைக் கழற்றிவிட்டால், சாத்திய கதவைத் திறக்கக்கூடத் தன்னால் முடியாது என்று தன்னை விரும்பும் பெண்ணுக்கு அவன் காட்டுகிற இடத்தில் கல்லும் கரையும். நாமும் கரைந்தோம். கரைந்த பிறகுதான் கேட்கிறோம்.

வங்கிக் காட்சியை நினைத்துப் பாருங்கள். திரும்பி வந்த விவசாயி ஒருவன் நாற்பது ஏக்கர் நிலம் வாங்கக் கடன் கேட்டு வருகிறான். ஈடு வைக்க அவனிடம் எதுவுமில்லை. அவனுடைய கையையும் உழைப்பையும் நம்பி அல் கடன் தருகிறார். மேலதிகாரி முணுமுணுக்கிறார். மனிதனை நம்பிக் கொடுப்பது என்ற பேருண்மை நமக்குப் போதிக்கப்படுகிறது.

நாற்பது ஏக்கர்! இந்தக் கணக்கு கறுப்பர்களுக்கு நன்றாகத் தெரியும். 1865இல் விடுதலையான அடிமைக் குடும்பங்களுக்கு நாற்பது ஏக்கர் வரை பிரித்துத் தரச் சொல்லி ஜெனரல் ஷெர்மன் ஆணையிட்டார். அதே ஆண்டு ஜனாதிபதி ஆண்ட்ரூ ஜான்சன் அந்த நிலத்தைப் பழைய எசமான்களிடமே திருப்பிக் கொடுத்தார். எண்பது வருசம் கழித்து ஹாலிவுட் அதே நாற்பது ஏக்கரை ஒரு வெள்ளைக்காரனுக்குக் கொடுத்துக் கைதட்டல் வாங்குகிறது.

போர்வீரர்களுக்கு வீடும் நிலமும் வாங்கக் கடன், படிக்கப் பணம் என்று 1944இல் சட்டம் போட்டார்கள். சட்டத்தில் நிறம் எழுதியிருக்கவில்லை. ஆனால் கடன் தருவது உள்ளூர் வங்கியின் கையில். மிசிசிப்பியின் 13 நகரங்களில் 1947இல் இந்த உத்தரவாதத்தின் கீழ் கொடுத்த கடன்கள் 3,229. அதில் கறுப்பு வீரர்களுக்குக் கிடைத்தது 2. ஆக, படத்தில் அந்த விவசாயி ஈடில்லாமல் வரவில்லை. தோலை ஈடாகக் கொண்டுவந்திருந்தான். அல் அதைப் பார்க்கவில்லை, வைலரும் பார்க்கவில்லை, நம் நண்பரும் பார்க்கவில்லை.

கறுப்பு வீரர்களின் வீடு திரும்பல் எப்படி இருந்தது? ஐசக் வுடார்டு 1946 பிப்ரவரி 12 அன்று ஜார்ஜியாவில் படையிலிருந்து விடுப்பு பெற்று, சீருடையோடு பஸ் ஏறிக் குடும்பத்தைப் பார்க்கப் போனார். கழிப்பறைக்குப் போக வண்டியை நிறுத்தச் சொன்னதில் டிரைவரோடு வாய்த்தகராறு. தென் கரோலினாவில் போலீஸ் தலைவன் தடியால் அடித்து இரண்டு கண்களையும் குருடாக்கினான். வெள்ளையர் மட்டுமே இருந்த ஜூரி அந்த நவம்பரில் அவனை விடுவித்தது. இந்தப் படம் முதலில் திரையிடப்பட்டதும் அதே நவம்பரில்தான். போருக்குப் போய்த் திரும்பிய ஜார்ஜ் டார்சியையும் அவர் மனைவி மேயையும், இன்னொரு தம்பதியோடு சேர்த்து, அந்த ஜூலையில் ஜார்ஜியாவில் ஒரு கும்பல் சுட்டுக்கொன்றது. ஒருவனுக்கும் தண்டனையில்லை. இதுவும் போர்வீரனும் குடும்பமும் பற்றிய கதைதான். எடுக்கத்தான் ஆளில்லை.

“அன்றைய சினிமா அப்படி, இதையெல்லாம் எதிர்பார்க்கலாமா?” என்பார்கள். அதே ஆண்டு ஆர்சன் வெல்ஸ் என்ற வெள்ளை சினிமாக்காரர் வானொலியில் வுடார்டுக்காக வாரா வாரம் முழங்கினார். பார்க்க மனமிருந்தவருக்குத் தெரிந்தது. படம் ஏழு ஆஸ்கர் வாங்கியது. ரஸ்ஸலுக்குக் கூடுதலாக ஒரு சிறப்பு விருதும் கிடைத்தது. பேரும் வீடும் குடும்பமும் உள்ள ஒரு கறுப்பு வீரன் அதில் இல்லை.

நமக்கென்ன வந்தது என்று கேட்காதீர்கள். அதே 1946இல் அண்ணல் அம்பேத்கர் கறுப்பின அறிஞர் டு பாய்ஸுக்குக் கடிதம் எழுதினார். தீண்டப்படாதார் நிலையும் கறுப்பர் நிலையும் ஒத்திருப்பதைச் சொல்லி, ஐ.நா.வுக்குக் கறுப்பர்கள் அளித்த மனுவைக் கேட்டார். அவரும் போர்வீரர் வீட்டுப் பிள்ளைதான்; மோவ் ராணுவ முகாமில் பிறந்தவர். சுபேதாராக ஓய்வுபெற்ற ராம்ஜியின் மகன் பள்ளிக்கூடத்தில் தனிக் கோணிமேல் உட்கார்ந்தான். பியூன் ஊற்றினால்தான் தண்ணீர். அப்பா போட்ட சீருடை பிள்ளைக்கு ஒரு சொம்புத் தண்ணி வாங்கித் தரவில்லை.

எனவே நண்பரே, அழுங்கள், தப்பில்லை. ஹோமரின் கைகளுக்காக நாங்களும் அழுவோம். வுடார்டின் கண்களுக்காகவும் அழுத பிறகு ‘எல்லாரும்’ என்று சொல்லுங்கள். அதுவரை அந்தச் சொல்லை எங்களிடம் ஈடாக வைத்துவிட்டுப் போங்கள்.