கொடுக்கு ஒன்று, விஷம் நூறு

தேள் கொட்டினால் மந்திரிக்க ஆள் இல்லாத ஊர் நம் நாட்டில் அரிது. வேப்பிலை அடிப்பார், விபூதி பூசுவார், சற்று நேரத்தில் கடுப்பு குறையும். 'விஷம் இறங்கிவிட்டது' என்று சொல்லிக் காணிக்கையை வாங்கிக்கொள்வார். கொட்டுப்பட்டவரும் பெரும்பாலும் பிழைத்துக்கொள்கிறார். அதனால்தான் மந்திரத்தின் மேல் ஜனங்களுக்குள்ள நம்பிக்கை இன்னும் போகவில்லை.

மகாராஷ்டிரத்தின் கொங்கண் பகுதியில் இந்த நம்பிக்கை உயிரைக் குடித்துவிடும். அங்கே கல்லுக்கடியிலும் விறகுக் குவியலிலும் ஒளிந்திருப்பது வேறு ஜாதித் தேள்.

உலகில் 2,500-க்கும் மேற்பட்ட தேள் இனங்கள் உண்டு. மனிதனைக் கொல்லக்கூடியவை சில டஜன்தான். கன்னங்கரேலென்று பெரிதாகத் தெரியும் நட்டுவாக்காலியைக் கண்டு எல்லோரும் நடுங்குகிறார்கள். அது கொட்டினால் கடுக்கும். ஆளைச் சாய்ப்பது அபூர்வம். ஆளைச் சாய்ப்பது சிறிய செந்தேள். விஞ்ஞானிகள் அதை 'தமுலஸ்' என்கிறார்கள். 1798-ல் ஃபாப்ரீஷியஸ் என்ற டென்மார்க் அறிஞர் வைத்த பெயர் இது. பெயரிலேயே தமிழ் இருக்கிறது!

விஷத்தில் என்ன இருக்கிறது?

தேள் விஷம் ஒரே பொருள் அல்ல. நூற்றுக்கணக்கான சின்னஞ்சிறு புரதங்களின் கலவை. நம் நரம்பிலும் தசையிலும் சோடியம், பொட்டாசியம் போன்ற உப்புச் சத்துகள் போய்வர நுண்ணிய வாயில்கள் இருக்கின்றன. விஷத்திலுள்ள ஒவ்வொரு புரதமும் ஒவ்வொரு வாயிலுக்குச் செய்த கள்ளச்சாவி.

ஒரு வகைப் புரதம் சோடியம் வாயிலை மூடவிடாமல் திறந்தே வைக்கிறது. இன்னொரு வகை பொட்டாசியம் வாயிலை அடைத்துவிடுகிறது. 1990-ல் இந்தச் செந்தேளின் விஷத்திலிருந்து பிரித்தெடுத்த ஐபீரியோடாக்சின் இரண்டாம் வகை. வெறும் 37 அமினோ அமிலங்கள் கோத்த மாலை அது. டமாப்பின் என்ற மற்றொன்றில் 31 மணிகள்தான். அது அடைப்பது வேறொரு பொட்டாசியம் வாயிலை.

வாயில்கள் கட்டுத் தவறினால் நரம்புகள் ஓயாமல் தூண்டப்படுகின்றன. வாந்தி வரும். வியர்வை ஆறாகப் பெருகும். கை கால் சில்லிடும். ரத்தக் குழாய்கள் சுருங்கி இருதயம் திணறும். கடைசியில் நுரையீரலில் நீர் கோத்துக்கொள்ளும். கொட்டிய இடத்தில் வலி குறைவாக இருக்கிறதே என்று யாரும் ஆறுதல் அடையக் கூடாது. வலி வேறு, ஆபத்து வேறு. குழந்தைகளுக்கு ஆபத்து இன்னும் அதிகம்.

மகாட் டாக்டர் கண்ட வழி

இதற்கு வழி கண்டது வெளிநாட்டுப் பெரிய ஆராய்ச்சிக்கூடம் அல்ல. ராய்கட் மாவட்டம் மகாட் வட்டாரத்தில் சாதாரண ஆரம்ப சுகாதார நிலையத்தில் வேலை பார்த்த டாக்டர் ஹிம்மத்ராவ் பவாஸ்கர்தான். தேள் கொட்டியவர்களின் பக்கத்திலேயே இருந்து கவனித்து, அறிகுறிகளை 1982-ல் 'லான்செட்' என்ற மருத்துவ இதழில் எழுதினார். சுருங்கிய ரத்தக் குழாய்களைத் தளர்த்தும் பிரசோசின் மாத்திரை உயிர் காக்கிறது என்பதையும் கண்டார். கடுமையாகப் பாதிக்கப்பட்டவர்களில் முன்பு நூற்றுக்கு 30 பேர் வரை இறந்தார்கள். மாத்திரை வந்தபின் அது ஒருவர் அளவுக்குக் குறைந்தது. 2022-ல் அவருக்குப் பத்மஸ்ரீ விருது கிடைத்தது.

மாத்திரை, விஷம் செய்த கேட்டைத் தடுக்கிறது. விஷத்தையே முறிக்க வேறு மருந்து வேண்டும். மும்பை ஹாஃப்கின் நிறுவனம் செந்தேளுக்கென்றே முறிமருந்து தயாரித்திருக்கிறது. இரண்டையும் சேர்த்துக் கொடுத்தால், மாத்திரை மட்டும் கொடுப்பதைவிட விரைவில் குணமாகிறது என்று 2011-ல் வெளியான ஆய்வு காட்டியது.

இங்கே ஒரு சிக்கல் உண்டு. ஒரே செந்தேளானாலும் கொங்கண் கடற்கரையில் பிடித்ததன் விஷமும் தக்காண மேட்டில் பிடித்ததன் விஷமும் ஒன்றாக இல்லை என்று ஆய்வுகள் சொல்கின்றன. ஓர் இடத்து விஷத்தை வைத்துச் செய்த முறிமருந்து எல்லா இடத்திலும் ஒரே மாதிரி வேலை செய்யும் என்று இருந்துவிட முடியாது. பல ஊர்த் தேள்களின் விஷத்தையும் எடுத்துச் சோதிப்பது அரசின் கடமை.

யாருக்காக?

ஐபீரியோடாக்சினை உலகெங்கும் ஆராய்ச்சிக்கூடங்கள் விலை கொடுத்து வாங்குகின்றன. நரம்பின் வாயில்களை ஆராய அது அருமையான கருவி. விஞ்ஞானம் வளரட்டும், நல்லதுதான். ஆனால் அந்தத் தேளிடம் கொட்டு வாங்குகிறவர் யார்? செங்கல் சூளையில் மண் மிதிப்பவர், கல் உடைப்பவர், தோட்ட வேலை செய்பவர், தண்டவாளத்து ஜல்லியைப் புரட்டுபவர். பிழைக்க வந்த இடத்தில் செருப்பில்லாத காலோடு நடக்கிற நம்மவர்களும் அவர்களில் உண்டு. விஷத்தின் பலன் ஆராய்ச்சிக்கூடத்துக்கு, சாவு மட்டும் கூலிக்காரனுக்கு என்றால் அது என்ன நியாயம்?

கொங்கணில் ஒவ்வொரு ஆரம்ப சுகாதார நிலையத்திலும் மாத்திரையும் முறிமருந்தும் இரவிலும் கிடைக்க வேண்டும். வேலைக்கு ஆள் கொண்டுபோகும் மேஸ்திரிகள் ஆஸ்பத்திரி எங்கே என்று முதல் நாளே காட்டிவைக்க வேண்டும். தொழிலாளரும் ஒன்று செய்ய வேண்டும். கொட்டிய இடத்தைக் கீறாமல், கயிறு கட்டாமல், மந்திரத்துக்குக் காத்திராமல் நேரே டாக்டரிடம் போக வேண்டும். மாத்திரையைத் தாமே வாங்கி விழுங்கவும் கூடாது.

நூறு கள்ளச்சாவிகளோடு வரும் திருடனை ஒரு பிடி விபூதி தடுக்காது.