லேசர் செய்த கண்: காலமை ஒரு பார்வை, பின்னேரம் ஒரு பார்வை



கண்ணாடி போடாமல் இருக்க வேண்டும் என்பதற்காக லேசர் சிகிச்சை செய்துகொள்ளும் இளம் பெண்கள் எங்கள் பகுதியிலும் இருக்கிறார்கள். கொழும்புக்கோ தமிழ்நாட்டுக்கோ போய்ச் செய்துகொண்டு, சில நாட்களில் வீடு திரும்பிவிடுகிறார்கள். சிகிச்சைக்குச் செல்வது சில நிமிடங்கள்தான். ஆனால் கண் முழுதாக ஆறுவதற்கு மாதக்கணக்காகும். அந்த மாதங்களில் பார்வை எப்படி எப்படி மாறும் என்பது வீட்டில் உள்ளவர்களுக்குத் தெரிவதில்லை. அதனால் வீண் பயமும் வருகிறது, சிலவேளை வீண் வைத்தியமும் நடக்கிறது.

என் தங்கையின் மகள் ஓர் ஆசிரியை. சிகிச்சைக்கு மறுநாளே சுவர் மணிக்கூட்டைக் கண்ணாடி இல்லாமல் பார்த்துச் சந்தோசப்பட்டவள், பத்தாம் நாள் எனக்குத் தொலைபேசி எடுத்தாள். "பெரியம்மா, காலமை நல்லாத் தெரியுது. பின்னேரமானால் புகார் மாதிரிக் கிடக்கு. லைற்றைப் பார்த்தால் சுத்திவர வட்டம் தெரியுது. கண் பழுதாப் போச்சோ?" என்று அழுதாள். அவளுடைய மாமி நந்தியாவட்டைப் பூவைப் பிழிந்து கண்ணில் விட ஆயத்தமாக நின்றாராம். "ஒண்டும் விடாதை பிள்ளை. முதல் செய்த டொக்டரோடை கதை" என்றேன். வைத்தியர் பரிசோதித்துவிட்டு, கண் உலர்ந்திருக்கிறது, இது ஆறும் காலத்தில் வருவதுதான் என்று சொல்லிக் கண்ணீர்த் துளிமருந்தைக் கூட்டிக் கொடுத்தார். மூன்றாம் மாதமளவில் பார்வை ஒரு நிலைக்கு வந்தது.

இந்தச் சிகிச்சைக்கு அடிப்படையான கண்டுபிடிப்பில் 1929இல் சென்னையில் பிறந்த ஒருவருக்குப் பெரும் பங்கு உண்டு. அவர் பெயர் ரங்கசாமி ஸ்ரீனிவாசன். 1981 நவம்பரில் அமெரிக்காவின் ஐ.பி.எம். ஆய்வுகூடத்தில் அவரும் ஜேம்ஸ் வைன், சாமுவேல் பிளம் என்ற இருவரும், விருந்தில் மிஞ்சிய வான்கோழித் துண்டில் 'எக்சைமர்' லேசரைப் பாய்ச்சிப் பார்த்தார்கள். பக்கத்துத் தசை கருகாமல், வேண்டிய இடம் மட்டும் நேர்த்தியாக அகன்றது. பின்னர் 1983இல் கண் வைத்தியர் ஸ்டீபன் ட்ரோக்கலுடன் சேர்ந்து, இதைக் கண்ணுக்குப் பயன்படுத்தலாம் என்று காட்டினார்கள்.

கருவிழியின் முன்னால் கண்ணாடிபோல் இருக்கும் படலம் ஏறக்குறைய அரை மில்லிமீற்றர் தடிப்பே உடையது. 'லாசிக்' முறையில் அதன் மேற்பகுதியை ஒரு மூடிபோலத் திறந்து, உள்ளே லேசரால் வடிவத்தைத் திருத்தி, மீண்டும் மூடிவிடுவார்கள். அப்போது அங்குள்ள நுண்ணிய நரம்புகள் அறுபடுகின்றன. அவை மறுபடி வளரும்வரை கண்ணீர் சரியாக ஊறாது. கண்ணின் மேல் பரந்திருக்கும் கண்ணீர்ப் படையும் பார்வைக்கு உதவுவது. அது காய்ந்தால் காட்சி மங்கும். கண்ணை நாலுதரம் சிமிட்டினால் தெளியும். வாசித்து, கணினி பார்த்துக் களைத்த பின்னேரத்தில் மங்கல் கூடுவது இதனால்தான். இரவில் கண்மணி விரிவதால் விளக்கைச் சுற்றி ஒளிவட்டம் தெரியலாம். இரண்டு கண்ணும் ஒரே வேகத்தில் ஆறுவதுமில்லை. பெரும்பாலானோருக்கு இவை மூன்று முதல் ஆறு மாதங்களில் குறைந்துவிடும். உலர்வு சிலருக்கு அதற்கு மேலும் நீடிக்கும். மூடி திறக்காமல் மேற்பரப்பிலேயே செய்யும் 'பி.ஆர்.கே.' முறையில் முதல் சில நாட்கள் நோவு இருக்கும். பார்வை தெளியவும் கூடுதல் நாள் எடுக்கும்.

ஆறும் காலத்தில் கவனிக்க வேண்டியவை:

* கண்ணைக் கசக்கவே கூடாது. நித்திரையில் கை படாமல் இருக்க, வைத்தியர் தரும் கண்மூடியைக் கட்டுங்கள்.
* முதல் வாரங்களில் எண்ணெய் முழுக்கு, கிணற்றடியில் தலையில் வாளியால் அள்ளி ஊற்றிக் குளிப்பது, கடல், கேணி, தீர்த்தம் எல்லாவற்றையும் வைத்தியர் சொல்லும்வரை தள்ளிப் போடுங்கள். கண் மையும் வேண்டாம்.
* விறகடுப்புப் புகையும் சோளகக் காற்றுப் புழுதியும் உலர்ந்த கண்ணை வாட்டும். சமையலை வீட்டில் மற்றவர்கள் சில நாள் பார்த்துக்கொள்ளட்டும். வெளியே போனால் கறுப்புக் கண்ணாடி அணியுங்கள்.
* பூச்சாறு, தாய்ப்பால், தேன், விளக்கெண்ணெய் எதையும் கண்ணில் விடாதீர்கள். கிருமி தொற்றினால் பார்வையே போகலாம்.
* ஸ்டீரொயிட் துளிமருந்தைச் சொன்ன நாளுக்கு மேல் தாமாகத் தொடரக் கூடாது. கண்ணின் அழுத்தம் கூடிவிடும்.
* மறுநாள் பரிசோதனை முடியாமல் ஊருக்கு பஸ் ஏறாதீர்கள். பிந்திய பரிசோதனைகளுக்கும் பணத்தை முன்கூட்டியே ஒதுக்கி வையுங்கள்.

நோவு கூடிக்கொண்டு போவது, கடுஞ்சிவப்பு, பீளை, திடீரெனப் பார்வை குறைவது, கண்ணில் அடிபடுவது ஆகியன பொறுத்திருக்கும் விடயங்கள் அல்ல. செய்த இடம் தூரம் என்றால், அன்றைக்கே யாழ்ப்பாணத்தில் ஒரு கண் வைத்தியரிடம் காட்டுங்கள். கண் முன்னால் மின்னல்போல் ஒளி அடித்தாலும், கரும்புள்ளிகள் திடீரெனக் கூடினாலும், திரை விழுவதுபோல் மறைத்தாலும் அப்படியே.

'லேசர்' என்ற பெயரில் வேறு சிகிச்சைகளும் உண்டு. நீரிழிவால் விழித்திரை பழுதடைந்த தாய்மாருக்குச் செய்வது கண்ணாடியைக் கழற்றுவதற்கல்ல. இருக்கும் பார்வையைக் காப்பாற்றுவதற்கு. செய்தபின் சில நாள் மங்கலாக இருக்கும். இருட்டில் பார்வை சற்றுக் குறையவும் கூடும். "லேசர் செய்தும் தெளியவில்லை" என்று கிளினிக்கை விட்டுவிடாதீர்கள்.

பெண் பிள்ளைகளைப் பெற்றவர்களுக்கு ஒரு சொல். கலியாணம் பேசும்போது கண்ணாடி ஒரு குறையாகப் பேசப்படுவதால், நாள் வைத்தபின் அவசரமாக லேசருக்குக் கூட்டிப் போகிறார்கள். ஓமப் புகையிலும் வீடியோ வெளிச்சத்திலும் ஆறாத கண்ணோடு பிள்ளை மணவறையில் இருக்க வேண்டுமா? பதினெட்டு வயது நிரம்பி, ஒரு வருடமாவது கண்ணாடியின் இலக்கம் மாறாமல் இருந்தால்தான் இதைப்பற்றி யோசிக்கலாம். கர்ப்ப காலத்திலும் பாலூட்டும் காலத்திலும் இலக்கம் மாறும். அப்போது செய்யக் கூடாது. படலம் மெல்லியவர்களுக்கும் கூம்பிப் போகிறவர்களுக்கும் இது பொருந்தாது. நாற்பதுக்குப் பின் வரும் வெள்ளெழுத்தையும் இது தடுக்காது.

கண்ணாடி போட்ட பெண்ணுக்கு ஒரு குறையும் இல்லை. லேசர் செய்வதா இல்லையா என்பதை அவளே, வைத்தியரிடம் எல்லாம் கேட்டறிந்து முடிவெடுக்கட்டும். செய்தால், ஆறும் மாதங்களில் அவளுக்கு ஓய்வு கொடுப்பது வீட்டாரின் கடமை.