பொடி எழுத்தைப் படித்தீர்களா?

ஆடித் தள்ளுபடி விளம்பரம் பார்த்திருப்பீர்கள். 'எதை எடுத்தாலும் பாதி விலை!' என்று பக்கத்தை அடைத்துக் கொட்டை எழுத்து. ஆசையாக ஒரு சட்டையை எடுத்துக்கொண்டு பில் போடுகிற இடத்தில் போய் நின்றால், "இதுக்கு இல்லை சார்" என்பார்கள்.

"ஏன்?"

"நிபந்தனைகளுக்கு உட்பட்டதுன்னு போட்டிருக்கே, பார்க்கலையா?"

போட்டுத்தான் இருக்கிறது. பக்கத்தின் அடியில், எறும்பு ஊர்ந்த மாதிரி, பொடி எழுத்தில்.

உலக சரித்திரத்தில் இதே மாதிரி கொட்டை எழுத்தும் பொடி எழுத்துமாக வந்த சமாசாரம் ஒன்று உண்டு. லிபரலிஸம். தமிழில் தாராளவாதம் என்கிறார்கள். கேட்டால் கல்யாணப் பந்தியில் நெய் ஊற்றுகிற விஷயம் மாதிரி இருக்கிறது. 1991-ல் நம் ஊருக்கு வந்த தாராளமயம் இதற்குத் தூரத்துச் சொந்தம். அது இன்னொரு நாள் கச்சேரி. இது அரசியல். சாராம்சம் ரொம்ப எளிது. மனுஷனாகப் பிறந்த ஒவ்வொருவனுக்கும் சில உரிமைகள் உண்டு. ராஜாவோ, சர்க்காரோ, பக்கத்து வீட்டுப் பெரும்பான்மையோ நினைத்த நேரத்தில் அதில் கை வைக்கக் கூடாது. அவ்வளவுதான்.

இது கொட்டை எழுத்து. இனி பொடி எழுத்துக்கு வருவோம்.

இங்கிலாந்துக்காரர் ஜான் லாக் என்பவர் மத சகிப்புத்தன்மை பற்றி எழுதிய ஒரு கடிதம் 1689-ல் வெளியானது. யார் எந்தச் சாமியைக் கும்பிட்டால் சர்க்காருக்கு என்ன என்று கேட்ட அற்புதமான கடிதம். அடியில் ஒரு நிபந்தனை: சாமியே இல்லை என்பவனுக்கு இந்தச் சலுகை கிடையாது.

1776-ல் அமெரிக்காவில் எல்லா மனிதரும் சமம் என்று சுதந்திரப் பிரகடனம் எழுதினார் தாமஸ் ஜெஃபர்ஸன். அவர் தன் வாழ்நாளில் 600-க்கும் மேற்பட்ட அடிமைகளுக்குச் சொந்தக்காரர்.

1789-ல் பிரான்ஸில் மனித உரிமைப் பிரகடனம். "மனிதன் என்றால் பெண்ணும் சேர்த்திதானே?" என்று கேட்டு 1791-ல் பெண்ணுரிமைப் பிரகடனம் எழுதினார் ஒலிம்ப் தெ கூஜ் என்ற பெண்மணி. ஓட்டு கிடைக்கவில்லை. 1793-ல் அரசியல் குற்றம் சாட்டி கில்லட்டினில் தலையை வெட்டினார்கள்.

'லிபரல்' என்ற சொல்லை ஓர் அரசியல் கோஷ்டியின் பெயராக்கியவர்கள் ஸ்பெயின்காரர்கள். 1812-ல் காடிஸ் நகரத்தில் உட்கார்ந்து அரசியல் சட்டம் எழுதினார்கள். பத்திரிகைச் சுதந்திரம் உண்டு, ராஜாவின் அதிகாரத்துக்குக் கடிவாளம் உண்டு. கத்தோலிக்க மதத்தைத் தவிர வேறு மதத்துக்கு மட்டும் அனுமதி இல்லை!

இப்படியே நூறு உதாரணம் சொல்லலாம். ஆனால் பொடி எழுத்தின் முழு அழகையும் ரசிக்க வேண்டுமானால் ஓர் ஆபீசுக்குள் போக வேண்டும். வாருங்கள்.

லண்டன், லெடன்ஹால் தெரு. கிழக்கிந்தியக் கம்பெனியின் தலைமை ஆபீஸ். இந்தியாவிலிருந்து கப்பல் கப்பலாகக் கடிதங்கள் வரும். அவற்றைப் படித்து, சுருக்கி, பதில் டிராஃப்ட் போட்டு, மேலே அனுப்பி, திருத்தம் வாங்கி, மறுபடி கப்பலேற்ற வேண்டும். கோடிக்கணக்கான இந்தியர்களின் தலையெழுத்து இங்கேதான் ஃபைல் நம்பர் போட்டு எழுதப்பட்டது.

1823-ல் இந்த ஆபீசில் 17 வயதுப் பையன் ஒருவன் கிளார்க்காகச் சேர்கிறான். மூன்று வயதில் கிரேக்கம், எட்டு வயதில் லத்தீன் படித்த அசகாய சூரன். ஆனால் வேலை கிடைத்தது கிரேக்கத்தால் அல்ல. அப்பா ஜேம்ஸ் மில் அதே ஆபீசில் அதிகாரி! சிபாரிசு என்பது நாம் கண்டுபிடித்த கலை என்று யாரும் காலரைத் தூக்கிவிட்டுக்கொள்ள வேண்டாம். அந்த அப்பா 1817-ல் இந்திய சரித்திரத்தைத் தடித்தடியான புத்தகங்களாக எழுதியவர். இந்தியாவை எட்டிக்கூடப் பார்க்கவில்லை. பார்க்காததே ஒரு சௌகரியம் என்று முன்னுரையில் வாதாடவும் செய்தார்.

பையன் பெயர் ஜான் ஸ்டூவர்ட் மில். லிபரலிஸத்தின் மகா குரு என்று இன்றைக்கும் காலேஜ்களில் பாடம் நடத்துகிறார்களே, அதே மில். 35 வருஷம் அந்த ஆபீஸில் குப்பை கொட்டினார். காலையில் ஆபீசுக்கு நடந்தே வருவார். டிபன் அங்கேதான்: டீ, ரொட்டி வெண்ணெய், வேக வைத்த முட்டை ஒன்று. பெரும்பாலும் நம் சமஸ்தானங்கள் சம்பந்தப்பட்ட ஃபைல்கள். ஆபீஸ் வேலை தனக்கு ஒரு ஓய்வு மாதிரி இருந்தது என்று சுயசரிதையில் எழுதியிருக்கிறார். மற்ற நேரத்தில் மூளைக்கு அவ்வளவு வேலை! (உங்களில் சிலருக்கும் ஆபீஸ் ஓய்வாகத்தான் இருக்கும். காரணம் வேறாக இருக்கலாம்.)

அவர் மனசாட்சி இல்லாத ஆசாமி என்று நினைத்துவிடாதீர்கள். 1835-ல் மெக்காலே, இந்தியர்களுக்கு இங்கிலீஷ் படிப்புதான் கதி என்று குறிப்பு எழுதினார் அல்லவா? அதை மறுத்து, அந்த ஊர் மொழிகளையும் படிப்பையும் ஒதுக்கக் கூடாது என்று 1836-ல் காரசாரமாக ஒரு டிராஃப்ட் போட்டார் மில். மேலிடம் ஒப்புக்கொள்ளவில்லை. டிராஃப்ட் கப்பலேறவே இல்லை. ராத்திரி முழுக்க முழித்துப் போட்ட நோட் மேலே போய்க் காணாமல் போன அனுபவம் உள்ளவர்களுக்கு அவர் வலி புரியும்.

1856-ல் பெரிய ப்ரமோஷன். சம்பளம் வருஷத்துக்கு 2,000 பவுண்டு. பதவியின் பெயர் என்ன தெரியுமா? எக்ஸாமினர்! இந்தியக் கடிதப் போக்குவரத்தைப் பரிசோதிப்பவர். பெயரை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

1857 கலகத்துக்குப் பிறகு, 1858-ல் கம்பெனியிடமிருந்து ஆட்சியை இங்கிலாந்து சர்க்கார் எடுத்துக்கொண்டது. மில் 1,500 பவுண்டு பென்ஷனோடு வீட்டுக்கு வந்தார். அடுத்த வருஷமே, 1859-ல், ஆபீஸில் இருந்த காலத்திலேயே எழுதி வைத்திருந்த புத்தகத்தை வெளியிட்டார். 'சுதந்திரம் பற்றி'. சின்னப் புத்தகம்தான். லிபரலிஸத்துக்கு அதுதான் பகவத் கீதை மாதிரி.

அதில் அவர் சொல்கிற விதி ஒன்றே ஒன்று. ஒருத்தன் விஷயத்தில் சமூகமோ சர்க்காரோ பலவந்தமாகத் தலையிடலாம் என்றால், அவன் அடுத்தவனுக்குக் கெடுதல் செய்வதைத் தடுப்பதற்காக மட்டும்தான். 'உன் நன்மைக்குத்தான் சொல்கிறேன்' என்பது ஒரு காரணமே இல்லை. புத்தி சொல்லலாம், கெஞ்சலாம், வாதாடலாம். கையைப் பிடித்து முறுக்கக் கூடாது. என்ன சுத்தமான வாக்கியம்! அப்பா பார்த்த பெண்ணைக் கட்டிக்கொண்டு, மாமா சொன்ன கோர்ஸைப் படித்து, எதிர்வீட்டுக்காரர் என்ன நினைப்பாரோ என்று தலைமுடி வெட்டிக்கொள்கிற நமக்கெல்லாம் கண்ணில் ஒற்றிக்கொள்ள வேண்டிய விதி.

அடுத்த பாராவில் வருகிறது பொடி எழுத்து. இந்த விதி பக்குவம் அடைந்தவர்களுக்கு மட்டும்தான். குழந்தைகளுக்குப் பொருந்தாது. சரி, நியாயம். அப்புறம், இன்னும் முன்னேறாத சமூகங்களுக்கும் பொருந்தாது. அவர்களை முன்னேற்றுவதற்காக என்றால் சர்வாதிகாரம் கூடத் தப்பில்லை. அவர்களுக்கு ஓர் அக்பர் கிடைத்தால் அதிர்ஷ்டம், கீழ்ப்படிந்து நடந்தால் போதும்.

அக்பர் பெயரைப் பார்த்தீர்கள் அல்லவா? இந்தியா அவர் ஞாபகத்தில் இல்லாமலில்லை. உரிமையின் உச்சக்கட்ட சாஸனத்தை எழுதிய அதே கை, 35 வருஷமாக நம்மை ஆள்வதற்கு டிராஃப்ட் போட்ட கை.

மில் வெறுப்பில் எழுதவில்லை. நிஜமாகவே நம்பினார். நமக்குப் பரீட்சை வைத்தார், பாஸானால் சுதந்திரம். நல்ல ஏற்பாடுதான். ஆனால் பாருங்கள், கேள்வித்தாள் போடுவது அவர்கள். விடைத்தாள் திருத்துவதும் அவர்கள். நாம் பாஸாகிவிட்டால் வேலை போவதும் அவர்களுக்குத்தான்! எந்த எக்ஸாமினர் ஐயா பாஸ் போடுவார்?

சரி, இந்தப் புத்தகத்தைத் தூக்கிக் குப்பையில் போட்டுவிடலாமா? அங்கேதான் கதை திரும்புகிறது.

1865-ல் மில் பார்லிமெண்டுக்குப் போனார். 1867-ல் ஓட்டுரிமை மசோதா வந்தபோது, 'ஆண்' என்று இருக்கிற இடத்தில் 'நபர்' என்று ஒரே ஒரு சொல்லை மாற்றச் சொன்னார். பெண்களுக்கும் ஓட்டு வந்துவிடும். 73 பேர் ஆதரவு, 196 பேர் எதிர்ப்பு. திருத்தம் தோற்றது. ஆனாலும் பொடி எழுத்தில் ஒரு வார்த்தையை அடித்துத் திருத்தலாம் என்று காட்டிவிட்டார். தன் புத்தகத்தில் இருந்த பொடி எழுத்தைத்தான் அவர் அடிக்கவில்லை. அதை அடிக்க வேறு ஆள் வர வேண்டியிருந்தது.

வந்தவர் பம்பாய்க்காரர். தாதாபாய் நௌரோஜி.

நௌரோஜி கத்தி எடுக்கவில்லை. வெள்ளைக்காரனின் கொட்டை எழுத்தைக் கையில் எடுத்தார். 1833 சட்டத்தில், மதம், பிறப்பு, நிறம் காரணமாக எந்த இந்தியனுக்கும் கம்பெனி உத்தியோகம் மறுக்கப்படாது என்று இருக்கிறது. 1858-ல் விக்டோரியா மகாராணியின் பிரகடனமும் அதையே சொல்கிறது. 'கூடுமானவரை' என்ற பொருளில் ஒரு சின்ன வார்த்தையை மட்டும் நடுவில் சொருகியிருந்தார்கள்! அந்தக் கூடுமானவரையின் லட்சணம் என்ன? ஐ.சி.எஸ். பரீட்சை யார் வேண்டுமானாலும் எழுதலாம். ஆனால் லண்டனுக்கு வந்துதான் எழுத வேண்டும். கப்பல் செலவுக்கு நிலத்தை விற்க வேண்டும். கடல் தாண்டியதற்கு ஜாதியை விட்டுத் தள்ளி வைப்பார்கள். போதாதென்று வயது வரம்பையும் 19-க்கு இறக்கினார்கள். 'தகுதி அடிப்படையில்தான் சார்!'

"உங்கள் விதியை நீங்களே மீறுகிறீர்களே" என்று நௌரோஜி நாற்பது வருஷத்துக்கு மேல் கேட்டுக்கொண்டே இருந்தார். 1901-ல் அவர் வெளியிட்ட புத்தகத்தின் தலைப்பே இந்தியாவின் வறுமையையும் 'பிரிட்டிஷ் தன்மை இல்லாத' ஆட்சியையும் பற்றியது. எவ்வளவு நாசூக்கான அடி! நீ கெட்டவன் என்று சொல்லவில்லை. நீ சொன்னபடி நீ இல்லை என்கிறார்.

1886-ல் லண்டனில் எலெக்ஷனுக்கு நின்று தோற்றார். ஒரு கறுப்பு மனிதரை ஆங்கிலேயர் தேர்ந்தெடுக்க இன்னும் காலம் வரவில்லை என்று 1888-ல் பிரதம மந்திரி சாலிஸ்பரி பிரபு மேடையிலேயே பேசினார். இதிலும் 'இன்னும்'! 1892-ல் லிபரல் கட்சி சார்பில் மத்திய ஃபின்ஸ்பரியில் மறுபடி நின்றார். ஜெயித்தார். ஓட்டு வித்தியாசம் ஒரு கை விரல்களுக்குள் அடங்கும். நௌரோஜி என்ற பெயர் வாயில் நுழையாதவர்கள் 'நாரோ மெஜாரிட்டி' என்று கூப்பிட்டார்களாம்.

1893-ல் இந்தியாவிலும் அதே நேரத்தில் பரீட்சை நடத்த வேண்டும் என்று பார்லிமெண்டில் தீர்மானம் நிறைவேறியது. சர்க்கார் அதை ஃபைலில் போட்டுத் தூங்க வைத்தது. பரீட்சை இந்திய மண்ணுக்கு வந்தது 1922-ல். நௌரோஜி காலமானது 1917-ல்.

கடைசியாக ஒரு கணக்கு. எழுதப் படிக்கவும், கூட்டல் பெருக்கல் போடவும் தெரியாதவனுக்கு ஓட்டு கூடாது என்று 1861-ல் எழுதினார் மில். படித்தவனுக்கு ஒன்றுக்கு மேல் ஓட்டு கொடுக்கலாம் என்றும் சொன்னார். 1950-ல் நம் அரசியல் சட்டம் 21 வயதான எல்லோருக்கும் ஒரே ஓட்டு என்றது. ஆண், பெண், படித்தவர், கைநாட்டு எல்லோருக்கும். அப்போது நம் நாட்டில் படிக்கத் தெரிந்தவர்கள் 100-க்குச் சுமார் 18 பேர். எக்ஸாமினரைக் கேட்டிருந்தால் என்ன மார்க் போட்டிருப்பார் என்று யோசித்துப் பாருங்கள். நாம் கேட்கவில்லை. பரீட்சையையே ரத்து செய்துவிட்டோம்.

ஆக, லிபரலிஸத்தின் சரித்திரம் என்பது கொட்டை எழுத்து எழுதிய மகான்களின் சரித்திரம் பாதிதான். மீதிப் பாதி, "இதுக்கு இல்லை சார்" என்று திருப்பி அனுப்பப்பட்டவர்கள், விளம்பரத்தைக் கிழித்துப் போடாமல், மடித்துப் பையில் வைத்துக்கொண்டு மறுநாளும் அதே கவுண்டரில் வந்து நின்ற சரித்திரம்.

அடுத்த முறை வீட்டில் தங்கை, "வெளியூர்ல வேலை கிடைச்சிருக்கு, போகட்டுமாண்ணா?" என்று கேட்கும்போது, "உனக்கு இன்னும் அந்தப் பக்குவம் வரலை" என்று சொல்ல வாயெடுப்பீர்கள். ஒரு நிமிஷம் பொறுங்கள். கேள்வித்தாள் போட்டது யார், திருத்துவது யார் என்று மட்டும் யோசித்துவிட்டு அப்புறம் பேசுங்கள்.

நான் போன வாரம் அப்படித்தான் ஒரு பதில் சொல்லிவிட்டேன். தங்கை ஒன்றும் பேசவில்லை. ஆபீசுக்குக் கிளம்பும்போது டிபன் பாக்ஸைக் கையில் கொடுத்துவிட்டு, "உனக்கு யாருண்ணா பாஸ் போட்டாங்க?" என்று மட்டும் கேட்டாள்.

அதற்குப் பதில் தேடப் போய்த்தான் இவ்வளவும் படிக்க வேண்டியதாயிற்று.